அவர் யாரைப் பார்க்கிறார்

பிராக், ஷிஷ்கோவ்
1923 அக்டோபர் 9

அன்புள்ள ஹெட்விகா அக்காவுக்கு,

உன் முழங்கால் வலி குறைந்திருக்கும் என்று நம்புகிறேன். எனக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை, மனசுதான் சரியில்லை.

செய்தித்தாளில் வந்ததை வெட்டி இத்துடன் வைத்திருக்கிறேன். என் வீட்டுக்காரரைப் பற்றி அரைப் பக்கம். வெண்டெலின் கதை எழுதுகிறாராம், காட்சிக்குப் பின்னால் வைக்கும் திரைகளை அவரே வரைகிறாராம், நடிக்கிறாராம், கேமராவும் பிடிக்கிறாராம். நம் நாட்டில் சினிமா என்ற குழந்தைக்கு அப்பாவும் தாதியும் அவர்தானாம். கடைசி வரியைப் பார். இனிமேல் கேமராவை வேறொருவரிடம் கொடுத்துவிட்டு இயக்குவது மட்டும்தானாம். இதை நான் செய்தித்தாளில் படித்துத் தெரிந்துகொள்கிறேன். அந்தக் கேமராவை என்னைவிட அதிகமாகக் கட்டிப்பிடித்தவர் அவர்.

"ஏன் விட்டீங்க?" என்று கேட்டேன்.

"கை வலிக்குது பிளாஷெனா. நாள் முழுக்க அந்தக் கைப்பிடியச் சுத்திக்கிட்டே இருந்தா நானும் காப்பிக்கொட்டை அரைக்கிற மெஷின் ஆயிடுவேன்."

சரி, கை வலி. அந்த வலிக்கிற கையைப் பிடித்துக்கொண்டு தினமும் ஒருத்தி வருகிறாள். ஸ்லாவ்கா என்று பெயர். படப்பிடிப்பில் உதவியாளராம். எங்கள் மூன்றாம் மாடிக் கதவு வரைக்கும் வந்து விட்டுவிட்டுப் போகிறாள். கீழ் வீட்டு கலினோவா அம்மாள் நேற்று என்னிடம், "கைகோத்துக்கிட்டுப் படியேறுறதும் சினிமா வேலைதான் போலிருக்கு" என்றாள். கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே வந்துவிட்டேன்.

நீ உங்கள் ஊர் சோகோல் உடற்பயிற்சிச் சங்க மண்டபத்தில் படம் ஓடும் திரைக்குக் கீழேயே உட்கார்ந்து பியானோ வாசிப்பவள். அவருடைய புதுப் படம் அடுத்த வாரம் உங்கள் ஊருக்கு வருகிறது. அதில் அவர் வனக்காவலராக நடித்திருக்கிறார். அவர் முகத்தை நன்றாகப் பார். கதாநாயகியைப் பார்க்கிறாரா, இல்லை கேமராவுக்குப் பின்னால் நிற்கும் யாரையோ பார்க்கிறாரா என்று எனக்கு எழுது. நான் பார்த்தால் எனக்கு எல்லாமே தப்பாகத் தெரிகிறது.

உன் தங்கை,
பிளாஷெனா


பீஸெக்
1923 அக்டோபர் 21

பிரியமுள்ள பிளாஷெனா,

முழங்கால் இருக்கிற இடத்தில் இருக்கிறது, வலியும் அதோடு இருக்கிறது. இங்கே குளங்களை வற்றவைத்துக் கெண்டை பிடிக்கிறார்கள். ஊரே சேற்று வாடையாக இருக்கிறது. மண்டபத்துக்கு வருகிறவர்களும் அதே வாடையோடு வருகிறார்கள்.

படத்தை மூன்று காட்சியும் பார்த்தேன். உனக்காக வேவு பார்த்ததில் இரண்டாவது காட்சியில் சோக இடத்தில் போல்கா வாசித்துவிட்டேன். சங்கத்துத் தலைவர் வந்து, "என்னம்மா, சவ ஊர்வலத்துல டான்ஸ் ஆடச் சொல்றீங்களா?" என்று கேட்டார். எல்லாம் உன்னால்தான்.

நீ கேட்டதற்கு வருகிறேன். கதாநாயகி அவர் மார்பில் சாய்ந்து அழுகிறாள். அவர் அவளைப் பார்க்கவில்லை. அவள் தலைக்கு மேலே எங்கேயோ பார்க்கிறார். அங்கே ஒருத்தி நின்றிருந்தால் அப்படிப் பார்க்க மாட்டார். வெறும் சுவரைப் பார்க்கிற பார்வை அது. ஊர்க்காரர்கள் எல்லாம் அதைப் பார்த்து, என்ன ஆழமான நடிப்பு என்று கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். எனக்கு என்னவோ போல் இருந்தது, ஏன் என்று சொல்லத் தெரியவில்லை.

காதலில் விழுந்த ஆள் இவர் இல்லை. என் புருஷன் உயிரோடு இருந்தபோது தபால்காரர் மகளைப் பார்த்த பார்வை எனக்குத் தெரியும். நீ படிக்கட்டில் காதை வைத்துக்கொண்டு நிற்காமல் நேரத்துக்குச் சாப்பிடு.

உன் அக்கா,
ஹெட்விகா


பிராக்
1923 நவம்பர் 18

அன்புள்ள அக்கா,

நீ சுகமாக இருக்க வேண்டும். நான் அப்படி இருக்கிறேன் என்று பொய் எழுத மாட்டேன்.

யாரையும் பார்க்காத பார்வை என்கிறாய். உள்ளே ஒன்றை ஒளித்து வைத்திருக்கிறவர் அப்படித்தான் பார்ப்பார். வீட்டிலும் அப்படியே. நான் பேசினால் என் காதுக்குப் பக்கத்தில் பார்த்துப் பதில் சொல்கிறார்.

இன்னொன்று கேள். ஜன்னல் ஓரத்தில் வெளிச்சமாக இருக்குமே என்று சாப்பாட்டு நாற்காலியைக் கொஞ்சம் நகர்த்திப் போட்டேன். வந்தவர் அதில் இடித்துக்கொண்டார். அப்படி ஒரு கோபம்.

"இந்த வீட்டுல எதையும் நகர்த்தாதேன்னு எத்தனை தடவை சொல்றது? உனக்கு வேற வேலையே இல்லையா?"

எங்களுக்குக் கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அவர் என்னிடம் குரல் உயர்த்தியதில்லை. ஒரு நாற்காலிக்காக எந்த ஆணாவது இப்படிக் கத்துவானா? அலமாரிக்குப் பின்னாலோ கட்டிலுக்கு அடியிலோ எதையோ வைத்திருக்கிறார். நான் சாமான்களை நகர்த்திக் கண்டுபிடித்துவிடுவேன் என்று பயப்படுகிறார்.

எழுதவே கை கூசுகிறது, ஆனாலும் எழுதுகிறேன். வியாழக்கிழமை கலினோவா அம்மாள் மருத்துவமனைத் தெருவில் அவர்கள் இரண்டு பேரையும் பார்த்திருக்கிறாள். பிரசவம் பார்க்கிற மருத்துவமனை இருக்கிறதே, அந்தத் தெரு. ஸ்லாவ்கா கையில் ஒரு மருந்துச் சீட்டு. அவள் அழுதுகொண்டு வந்தாளாம், அவர் அவள் தோளைத் தட்டிக்கொடுத்தாராம். எனக்குக் குழந்தை இல்லை என்பது உனக்குத் தெரியும். நான் என்ன நினைக்கிறேன் என்பதும் உனக்குத் தெரியும்.

அவர் என்னை விட்டுவிட்டுப் போனால் நான் என்ன ஆவேன் அக்கா?

பிளாஷெனா


பீஸெக்
1923 டிசம்பர் 2

என் கண்ணே பிளாஷெனா,

நீ தூங்குவதில்லை என்று உன் கையெழுத்தே சொல்கிறது. எனக்கு ஜலதோஷம், மற்றபடி சுகம்.

அந்தத் தெருவில் பிரசவ ஆஸ்பத்திரி மட்டுமா இருக்கிறது? காது, மூக்கு, பல் எல்லாவற்றுக்கும் அங்கேதான் போகிறார்கள். கலினோவா அம்மாளுக்கு வேறு பொழுதுபோக்கு இல்லையென்றால் எங்கள் ஊருக்கு அனுப்பு, டிக்கெட் கிழிக்க ஆள் தேவை.

வாயைத் திறந்து அவரிடமே கேளேன். கேட்கப் பயமாக இருந்தால் நான் கேட்கிறேன். ஜனவரியில் ஆற்றில் பனி இறுகியதும் இங்கே படமெடுக்க வருவதாக உன் வீட்டுக்காரர் தகவல் அனுப்பியிருக்கிறார், என் வீட்டில்தான் தங்குகிறார். எதிரே உட்காரவைத்து நேருக்கு நேர் கேட்டுவிடுகிறேன். எது தெரிந்தாலும் ஒளிக்காமல் உனக்கு எழுதுகிறேன். இது சத்தியம்.

உன் அக்கா,
ஹெட்விகா


பிராக்
1924 ஜனவரி 10

அன்புள்ள அக்காவுக்குப் புது வருஷ வாழ்த்து. உன் ஜலதோஷம் பழைய வருஷத்தோடு போயிருக்கட்டும்.

இந்தக் கடிதம் வருகிறபோது அவர் உன் வீட்டில் இருப்பார். ஸ்லாவ்காவும் வருகிறாள். எந்த அறையில் யார் தூங்குகிறார்கள் என்று பார். வெட்கத்தைவிட்டு எழுதுகிறேன்.

கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் விருந்து எப்படி இருந்தது என்று கேட்பாய். கெண்டை மீனைப் பொரித்து, உருளைக்கிழங்கு சாலட் செய்து, அம்மா செய்வதுபோலவே மேஜை வைத்தேன். அவர் மீனைத் தொடவில்லை. சாலட்டை மட்டும் இரண்டு தடவை வாங்கிச் சாப்பிட்டார்.

"என்ன, மீன் வேண்டாமா? உங்களுக்கு உசிராச்சே."

"பசியில்ல. இந்த முள்ளோட யாரு மல்லுக்கட்டுறது?"

வருஷத்துக்கு ஒரு தடவை வருகிற மீன். முள்ளுக்குப் பயந்து இதை வேண்டாம் என்று சொன்ன செக் நாட்டுக்காரனை நீ பார்த்திருக்கிறாயா? எங்கேயோ இன்னொரு மேஜையில் இன்னொருத்தி பொரித்த மீனைச் சாப்பிட்டுவிட்டு வந்திருக்கிறார். அந்த விருந்தில் யாரும் நடுவில் எழுந்திருக்கக் கூடாது இல்லையா, அதனால் அழுவதற்கு உள்ளே போகக்கூட முடியாமல் அங்கேயே உட்கார்ந்திருந்தேன். அழுதது அவருக்குத் தெரியவே இல்லை. எதிரே உட்கார்ந்திருக்கிறார், என் முகத்தில் தண்ணீராக ஓடுகிறது, "சாலட் நல்லா இருக்கு" என்கிறார். இவ்வளவு கல்நெஞ்சு எப்படி வந்தது?

உன் பதிலுக்காக வாசலிலேயே நிற்பேன்.

பிளாஷெனா


பீஸெக்
1924 பிப்ரவரி 16

பிரியமுள்ள பிளாஷெனா,

தாமதத்துக்குக் கோபித்துக்கொள்ளாதே. குளிரில் விரல்கள் வீங்கிவிட்டன. பியானோ வாசிக்கவே முடியவில்லை, பேனா எங்கே பிடிப்பது.

படப்பிடிப்பு நன்றாக நடந்தது. பனி நல்ல கெட்டி. பாலத்துக்குக் கீழே கதாநாயகன் வழுக்கி விழும் காட்சியை ஊரே நின்று பார்த்தது. கசாப்புக்கடைக்காரர் கூட்டத்தில் நடித்தார், இப்போது தொப்பி போட்டுக்கொண்டுதான் கறி வெட்டுகிறார். வாத்து இந்த வருஷம் சின்னதாக இருக்கிறது.

ஸ்லாவ்கா நல்ல பெண். நீ நினைப்பது எதுவும் இல்லை. அவள் என் அறையில்தான் தூங்கினாள்.

அப்புறம் ஒன்று. அவர் சொன்ன இடத்தில் நாற்காலி இருந்துவிட்டுப் போகட்டுமே. எதையும் நகர்த்தாதே. மீன் பொரித்தால் முள்ளை நீயே எடுத்துக் கொடு, என்ன குறைந்துவிடப் போகிறது.

மேலே எதுவும் கேட்காதே கண்ணே.

ஹெட்விகா


பிராக்
1924 பிப்ரவரி 25

ஹெட்விகாவுக்கு,

நான் சுகம். நீயும் சுகமாகத்தான் இருப்பாய்.

ஒரு மாதத்துக்கு மேல் காத்திருந்தேன். வந்தது பனியும் வாத்தும். ஒளிக்காமல் எழுதுகிறேன் என்று சத்தியம் செய்தது யார்?

விரல் வீங்கியதாம். உன் விரல்கள் எங்கே இருந்தன என்று எனக்குத் தெரியும். அங்கே எடுத்த படத்தில் மில்காரனாக நடித்தவர் நேற்று எங்கள் தெரு மதுக்கடையில் வைத்துக் கலினோவா அம்மாளின் புருஷனிடம் சொல்லியிருக்கிறார். "பாலத்து மேல அவரும் அவரு பொண்டாட்டியோட அக்காவும் கையப் புடிச்சுக்கிட்டே நடந்தாங்க, விடவே இல்ல. புதுசாக் கல்யாணம் ஆனவங்க தோத்தாங்க" என்று சொல்லிச் சிரித்தார்களாம்.

அதனால்தான் அங்கிருந்து வந்த நாளிலிருந்து அவர் விசில் அடித்துக்கொண்டு திரிகிறார். அதனால்தான் மீனுக்கு முள் எடுத்துக் கொடு என்று எனக்குப் புத்தி சொல்கிறாய். என் வீட்டு நாற்காலி எங்கே இருக்க வேண்டும் என்று நீ சொல்கிற அளவுக்கு வந்துவிட்டது. அவர் உன்னிடம் என்னவெல்லாம் பேசினார்? நீ தனியாக இருக்கிறாய் என்று நான் எத்தனை இரவு உனக்காக வருத்தப்பட்டிருக்கிறேன்.

கைப்பிடித்தது உண்மையா பொய்யா, அதை மட்டும் எழுது.

பிளாஷெனா


பீஸெக்
1924 மார்ச் 3

பிளாஷெனா,

கைப்பிடித்தது உண்மை. நீ நினைக்கிறது பொய். ஏன் பிடித்தேன் என்று சொல்ல மாட்டேன், வாக்குக் கொடுத்திருக்கிறேன். முதலில் உனக்கு ஒரு சத்தியம் செய்தேன், அப்புறம் இன்னொன்று, இரண்டையும் காப்பாற்ற வழியில்லை. இப்படி ஒரு கடிதம் என் தங்கையிடமிருந்து வரும் என்று நான் நினைத்ததில்லை. படித்துவிட்டு அடுப்பில் போட்டேன்.

அவரைக் கேள். உன் புருஷன்தானே. கையைப் பிடித்துக் கேள்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

ஹெட்விகா


பிராக்
1924 ஏப்ரல் 24

அக்கா,

நீ எப்படி இருக்கிறாய் என்று கேட்க எனக்கு முகமில்லை, ஆனாலும் கேட்கிறேன்.

ஈஸ்டருக்கு வீட்டைத் தலைகீழாகப் புரட்டிச் சுத்தம் செய்வது நம் வழக்கம். இந்த வருஷம் நான் செய்தது சுத்தம் இல்லை, சோதனை. வெள்ளிக்கிழமை அவர் ஸ்டுடியோவுக்குப் போனதும் அலமாரியை இழுத்தேன், கட்டிலைத் திருப்பினேன், மேஜையைச் சுவரோரம் தள்ளினேன், தொப்பி மாட்டும் கம்பத்தைச் சமையலறையில் கொண்டுபோய் வைத்தேன். எல்லா இடுக்கிலும் தேடினேன். ஒன்றுமே இல்லை. தூசியும் என் பழைய கொண்டை ஊசியும்தான். ஒன்றும் கிடைக்காத ஆத்திரத்தில் எதையும் திருப்பி வைக்கவில்லை. வரட்டும், வந்து கத்தட்டும், அப்போது கேட்கலாம் என்று தரையைத் தேய்க்க உட்கார்ந்தேன். கொதிக்கிற தண்ணீர்த் தொட்டி அறை நடுவில் இருந்தது.

பொழுது சாய்ந்தபோது வந்தார். எப்போதும்போல வேகமாக உள்ளே வந்து, தொப்பியைக் கம்பம் இருந்த இடத்தில் மாட்டினார். தொப்பி தரையில் விழுந்தது. அவர் கை அப்படியே நின்றது. நான் பார்த்துக்கொண்டே இருக்கிறேன், எனக்குப் புரியவில்லை. அடுத்த அடி எடுத்து வைத்தார். நான் கத்துவதற்குள் கால் தொட்டிக்குள் போய்விட்டது.

வலது காலும் ஊன்றின கையும் வெந்துவிட்டன. முட்டைவெள்ளைக்கருவைத் தடவிக் கட்டியிருக்கிறேன், டாக்டரும் வந்துபோனார். அவர் அழவில்லை, கத்தவும் இல்லை. ஈரத் தரையில் உட்கார்ந்து, "மாத்திட்டேன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல" என்றார்.

அப்புறம் சொன்னார். ஸ்டுடியோவில் எரிகிற அந்தப் பெரிய விளக்குகளைப் பார்த்துப் பார்த்துக் கண் போய்விட்டது. ஒரு கண்ணில் ஒன்றுமே இல்லை. இன்னொன்றில் பகலில் நிழல் மாதிரி தெரியும், அந்தி சாய்ந்தால் அதுவும் இல்லை. படம் கூர்மையாக விழுகிறதா என்று தெரியாமல் போனபோது கேமராவை விட்டார். வண்ணம் தெரியாமல் போனபோது திரை வரைவதை விட்டார். நடிக்கும்போது எங்கே நிற்பது என்று காலுக்குத் தெரிய, கம்பளத்துக்கு அடியில் ஸ்லாவ்கா ஒரு மெல்லிய மரச்சட்டத்தை ஆணியடித்து வைப்பாளாம். இப்போது அவள் காதோரம் சொல்லச் சொல்ல அவர் இயக்குகிறார். ஒவ்வொன்றாகக் கையை விட்டுப் போனது, செய்தித்தாள்காரர்கள் பன்முகக் கலைஞர் என்று எழுதினார்கள். முதலாளிக்குத் தெரிந்தால் அடுத்த நாளே வெளியே அனுப்பிவிடுவார்.

ஸ்லாவ்காவுக்குத் தெரியும், கேமராக்காரருக்குத் தெரியும், உனக்குத் தெரியும். கூடவே படுக்கிற எனக்குத் தெரியவில்லை. படத்தில் அவர் பார்வையைப் பார்த்தே உனக்குச் சந்தேகம் வந்துவிட்டது என்று சொன்னார். நான்தான் உன்னை வேவு பார்க்கச் சொன்னேன். நீ வேவு பார்த்துவிட்டு அவர் பக்கம் போய்ச் சேர்ந்துவிட்டாய்.

வேறொருத்தி இருந்திருந்தால் எனக்குத் திட்டவாவது ஆள் கிடைத்திருக்கும். என்னிடம் மட்டும் ஏன் சொல்லவில்லை அக்கா? அதை அவர் சொல்ல மாட்டேன் என்கிறார்.

பிளாஷெனா


பீஸெக்
1924 ஏப்ரல் 30

என் பிளாஷெனா,

அவர் கால் ஆறிவருகிறதா? கையில் கொப்புளம் உடையாமல் பார்த்துக்கொள். நான் சொல்லியிருந்தால் அந்தத் தொட்டி அங்கே இருந்திருக்காது. அதை நினைத்து இரண்டு நாளாக எனக்குச் சோறு இறங்கவில்லை.

வாக்கு உடைந்துவிட்டது, இனி மறைக்க ஒன்றுமில்லை. ஜனவரியில் அவர் எதிரே ஒரு தட்டில் ரொட்டியும் இன்னொரு தட்டில் என் கையுறையும் வைத்தேன். கையுறையை எடுத்து வெண்ணெய் தடவப் போனார். இரண்டு பேரும் சிரித்தோம், அப்புறம் அவர் அழுதார்.

"பிளாஷெனாகிட்ட சொல்லுங்க, அவ உங்களப் பத்தி என்னென்னவோ நினைச்சுக்கிட்டு இருக்கா" என்றேன்.

அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "தெரியும் அண்ணி. அவ சந்தேகப்படுறான்னு எனக்கு நல்லாத் தெரியும். ஸ்லாவ்காவ வீட்டு வாசல் வரைக்கும் வரச் சொல்றதே நான்தான், தெருமுனையிலயே விட்டாலும் தட்டுத் தடுமாறி வந்துடுவேன். அவ படியில நின்னு காது வச்சுக் கேக்குற சத்தம் எனக்குக் கேக்கும். இன்னொருத்தி கண்ணு வைக்கிற மாதிரி ஒரு ஆம்பளைன்னு என்னைய நினைக்கிறாளே, அது போதும் எனக்கு. உண்மை தெரிஞ்சா அன்னிக்கே எனக்குத் துண்டு கட்டிச் சோறு ஊட்ட ஆரம்பிச்சுடுவா. அதுக்கப்புறம் அவளுக்கு நான் புருஷன் இல்ல, நோயாளி."

இது சுயநலம் என்று சொன்னேன். ஆமாம் என்றார். பாலத்தில் வழுக்கியது, கையைப் பிடித்தேன்.

என்னை மன்னிக்கச் சொல்ல மாட்டேன். நீ உன் இஷ்டம்போல் செய்.

ஹெட்விகா


பிராக்
1924 ஜூன் 15

அன்புள்ள ஹெட்விகா அக்காவுக்கு,

கால் ஆறிவிட்டது, தழும்பு இருக்கும். எனக்கும் உடம்பு பரவாயில்லை. உனக்குப் பதில் எழுத இவ்வளவு நாள் ஆனது கோபத்தால்தான், வேறு காரணம் தேடாதே. கோபம் இன்னும் பாக்கி இருக்கிறது, இந்த வருஷக் கெண்டைக்குள் தீரும்.

ஸ்லாவ்கா கல்யாணமாகி பிர்னோவுக்குப் போய்விட்டாள். மருத்துவமனைத் தெருவில், இனிமேல் குணமாகாது என்று கண் டாக்டர் சொன்னதைக் கேட்டு அழுதவள் அவள். என்னால் நேரே முகம் பார்த்து வழியனுப்ப முடியவில்லை, ஒரு மேஜைத் துணி பின்னிக் கொடுத்தேன்.

இப்போது அவள் நாற்காலியில் நான் உட்கார்கிறேன். மனைவி குறிப்பெடுக்க வருகிறாள் என்று முதலாளியிடம் சொல்லியிருக்கிறோம். சம்பளம் கேட்காத ஆள், அவர் ஏன் வேண்டாம் என்பார்? நான் பார்ப்பதைக் காதோரம் சொல்கிறேன், அவர் கத்தி உத்தரவு போடுகிறார். முதல் வாரம் மெதுவாகப் பேசினேன், கோட்டைச் சரிசெய்தேன், படியில் "பாத்து, பாத்து" என்றேன். வீட்டில் சூப்பை ஆற்றிக்கூடக் கொடுத்தேன். அவர் நாளுக்கு நாள் கிழவராகிக்கொண்டே வந்தார். நீ எழுதியனுப்பிய அந்த நோயாளி என்ற வார்த்தை எனக்கு அப்போதுதான் உறைத்தது.

திங்கட்கிழமை புதுக் கதாநாயகி வந்தாள்.

"எப்படி இருக்கா?" என்று காதோரம் கேட்டார்.

"சுமார்தான். மூக்கு கொஞ்சம் பெருசு."

பின்னால் கேமராக்காரர் இருமினார். அவள் மூக்கில் ஒரு குறையும் கிடையாது அக்கா, தேடினாலும் கிடைக்காது.

"நீ பொய் சொல்ற" என்றார்.

"அப்ப நீங்களே பாத்துக்குங்க" என்றேன். சொன்ன பிறகு நாக்கைக் கடித்துக்கொண்டேன். அவர் வாய்விட்டுச் சிரித்தார். அப்படி அவர் சிரித்துக் கேட்டு ஒரு வருஷம் இருக்கும்.

நேற்று அவள் விடைபெறும்போது கைகுலுக்கினாள். வீட்டுக்கு வந்ததும் ஆரம்பித்தேன். அவ்வளவு நேரம் எதற்குக் கையைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டும், கண்ணில்லாதவருக்குக் கை மட்டும் நன்றாகத் தெரிகிறதா என்று கேட்டுத் தட்டை வைத்த வைப்பில் கலினோவா அம்மாள் கீழேயிருந்து கூரையைத் தட்டினாள். அவர் என்னிடம் சத்தியம் செய்தார், கெஞ்சினார், தொண்டையைச் செருமிக்கொண்டு மீசையை நீவிவிட்டார். சூப்பைத் தானே ஆற்றிக் குடித்தார்.

அவர் சந்தோஷத்துக்காக நான் நடித்தேன் என்று நீ நினைத்துக்கொள்வாய். நானும் அப்படி நினைத்துத்தான் ஆரம்பித்தேன். ஆனால் உண்மையாகவே ரொம்ப நேரம்தான் பிடித்திருந்தார் அக்கா.

உன் தங்கை,
பிளாஷெனா